கோமதி ஆடும்போது நான் நின்ன இடம்

யக்கா, ஜன்னல் பக்கம் நீங்களே உக்காந்துக்கோங்க. எனக்கு இந்த ஓரம்தான் தோது. முன்னால பாக்கணும். அந்தா, டிரைவருக்குப் பின்னால மூணாவது சீட்டு, பச்சைச் சுடிதார், கொண்டை போட்டுக்கிட்டு ஒருத்தி உக்காந்திருக்கா பாருங்க. அவ எம் மக. கோமதி. ரெண்டு பேருக்கும் சங்கரன்கோயிலுக்கு நான்தான் டிக்கெட் எடுத்தேன். பக்கத்துல உக்காரட்டான்னு கேட்டேன். பையைத் தூக்கிப் பக்கத்து சீட்டுல வச்சுட்டா.

சண்டையா? சண்டைன்னா ரெண்டு பேரும் பேசணும்லக்கா. நேத்து சாயந்திரம் மெட்ராஸ்ல ஆட்டோ ஏறும்போது ஒரே ஒரு வார்த்தை சொன்னா. அதோட சரி. ரயில்ல ஒண்ணுமில்ல. காலையில மதுரை மாட்டுத்தாவணில காப்பி வாங்கிக் குடுத்தேன், கையில வாங்கலை. ஆடை கட்டிப் போச்சு, கீழ ஊத்திட்டேன்.

நீங்க பேப்பர் பாப்பீங்களா? போன வாரம் போட்டிருந்தாங்க. பாத்திருந்தா நம்பாதீங்க. நான் அங்கனயேதான் நின்னேன். நின்னவளுக்குத் தெரியாதா என்ன நடந்துச்சுன்னு?

எம் மக செஸ் ஆடுறவக்கா. பள்ளிக்கூடத்துல சும்மா ஆடுற ஆட்டம் இல்ல. ஒன்பது வயசுல திருநெல்வேலி ஜில்லாவுல முதல். பதிமூணு வயசுல மாநிலத்துல முதல். பதினாறுல இந்தியாவுலயே மூணாவதா வந்தா. பதினெட்டுல இன்டர்நேஷனல் மாஸ்டர்னு பட்டம் குடுத்தாங்க. அதுக்கு மேல ஒண்ணுதான் பாக்கி, கிராண்ட்மாஸ்டர். அதுக்கு மூணு நார்ம் வாங்கணும். நார்ம்னா, பெரிய பெரிய ஆளுக வார போட்டில இவ்வளவு பாயிண்ட் எடுத்துட்டான்னு எழுதிக் குடுக்குறது. அது மூணு தடவை. எம் மக ரெண்டு வாங்கிட்டா. அந்த மூணாவது... அதுதான்க்கா. அந்த மூணாவதுதான்.

எனக்கு ஆட்டம் தெரியாது. எது குதிரை, எது யானைன்னு தெரியும். எது எங்க போகும்னு தெரியாது. அவங்க அப்பா தறிக்காரர், தறிச் சத்தத்துல பாதிக் காது போச்சு, போட்டிக்கெல்லாம் நான்தான் கூடப் போவேன். ஆனா ஆட்டம் தெரியாட்டி என்னக்கா, எம் மக முகம் எனக்குத் தெரியும். உதட்டைக் கடிச்சான்னா கஷ்டத்துல இருக்கா. காதைத் தொட்டான்னா ஜெயிக்கப்போறா. பன்னெண்டு வருஷமா அந்த முகத்தைத்தான் பாத்துக்கிட்டு நிக்கேன்.

நின்னுக்கிட்டேதான் இருப்பேன். உக்கார மாட்டேன். சாப்பிடவும் மாட்டேன். அது எப்படின்னா, திருநெல்வேலில அந்த முதல் போட்டி அன்னைக்குப் பதட்டத்துல சாப்பிட மறந்துட்டேன். ஏழு ஆட்டம், ஏழும் ஜெயிச்சா. அன்னைக்குப் பிடிச்சேன் இந்த விரதத்தை. அவ ஆட்டம் முடியறவரைக்கும் பச்சைத்தண்ணி தொடமாட்டேன். ஜெயிச்சா சாப்பிடுவேன். தோத்தா அன்னைக்கு ராத்திரியும் கிடையாது. யாரும் சொல்லிச் செய்யலை. தாய்க்காரி வேற என்னத்தைச் செய்ய முடியும்? அவளுக்கும் தெரியும். ஆட்டம் முடிஞ்சு வெளிய வந்தா, "எம்மா, ஜெயிச்சுட்டேன், வா, சாப்பிடு"ன்னுதான் முதல் பேச்சே வரும்.

நான் அவளை எதுக்கும் வற்புறுத்தினது இல்லைக்கா. பதினேழு வயசுல, "எம்மா, எனக்கு இது போதும், பாளையங்கோட்டைல நர்சிங் படிக்கப் போறேன்"னு வந்து நின்னா. நான் வேண்டாம்னு ஒரு வார்த்தை சொல்லலை. ரெண்டு நாள் சாப்பிடலை, அவ்வளவுதான். மூணாம் நாள் காலையில அவளே போர்டை எடுத்து விரிச்சு வச்சு உக்காந்துட்டா. அவளுக்கே இஷ்டம் இருக்கப்போய்த்தானே?

ரெண்டாவது நார்ம் வாங்கினா. ரயில்வேல ஆள் வந்து கேட்டுட்டுப் போனாங்க. கிராண்ட்மாஸ்டர் ஆகட்டும், விளையாட்டுக் கோட்டாவுல வேலை நிச்சயம்னாங்க. அப்பதான் புவனேஸ்வர் போனோம்.

அங்க ஒன்பது நாள் போட்டி. கடைசி ஆட்டத்துல தோக்காம இருந்தாப் போதும், மூணாவது நார்ம் கையில வந்துரும். நல்ல வெயில். நான் வராண்டாவுல நிக்கேன். முந்தின நாள் அவ தோத்திருந்தா, அதனால எனக்கு அதுக்கு முந்தின நாள் சாப்பிட்டதுதான். எப்ப விழுந்தேன்னு எனக்கே தெரியாது. கண்ணைத் திறந்தா எம் மக மடியில தலை இருக்கு. அவ மேல தண்ணி, என் மேல தண்ணி. "ஏட்டி, ஆட்டம்?"னு கேட்டேன். "ஓடிக்கிட்டு இருக்கும்மா"ங்கா. "எந்திரிச்சுப் போ"ன்னு தள்ளி விட்டேன். போனா. கடியாரத்துல ரெண்டு நிமிஷம்தான் மிச்சம் இருந்துச்சாம். தோத்துட்டா.

அன்னைக்கு லாட்ஜுல என் கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதா. "எம்மா, இனிமே நீ சாப்பிடு. நீ சாப்பிட்டாத்தான் ஆடுவேன்"னா. நான் சொன்னேன், "நீ அந்த மூணாவதை வாங்கு. அன்னைக்கு ஒரு பானை சோறு திங்கேன்."

அப்புறம் ஒரு வருஷம். ஆறு போட்டி. ஆறும் போச்சு. நம்ப மாட்டீங்க, நான் எட்டு கிலோ குறைஞ்சேன். ரவிக்கை எல்லாம் தொளதொளன்னு ஆயிருச்சு. வேலைக்கு ஆள் எடுக்குறது வர்ற மார்ச்சோட முடியுதுன்னு வேற சொல்லிட்டாங்க. எம் மக ராத்திரி முழிச்சுப் பாத்தா என் பக்கத்துல வந்து உக்காந்து என் மூக்குக்கிட்ட விரலை வச்சுப் பாப்பா, மூச்சு வருதான்னு. எனக்குச் சிரிப்பா வரும். "நான் சாகமாட்டேன்டி, நீ வாங்குறவரைக்கும்"பேன்.

அந்தச் சமயத்துலதான் ரெமிஜியஸ் சார் ஒரு வழி சொன்னார். அவர்தான் கோச். தூத்துக்குடிக்காரர். தங்கமான மனுசன். நாக்பூர் போட்டிக்கு முந்தின நாள், அங்க ஒரு டீக்கடை வாசல்ல அவரும் கோமதியும் அரை மணி நேரம் பேசிக்கிட்டு இருந்தாங்க. நான் ரோட்டுக்கு இந்தப் பக்கம் பையோட நிக்கேன். கோமதி தலையை ஆட்டி ஆட்டி அழுதா. அப்புறம் அழலை. அப்புறம் என்னைத் திரும்பிப் பாத்தா. ரொம்ப நேரம் பாத்தா. பாத்துட்டு அவர்ட்ட சரின்னு தலையாட்டினா.

சார் எங்கிட்ட வந்தார். "பிள்ளை ஏன் சார் அழுதா?"ன்னேன். "பயம்க்கா. நீங்க எங்கயாவது விழுந்து கிடப்பீங்களோன்னு பயம். இங்க ஹாலுக்குக் கண்ணாடிச் சுவர். நான் கை காட்டும்போது நீங்க போய் அந்தக் கண்ணாடிக்கு வெளியே நில்லுங்க. ரெண்டு நிமிஷம் நின்னுட்டு வந்துருங்க. உங்க முகத்தைப் பாத்தாப் பிள்ளைக்குத் தெம்பு வரும்"னார். எனக்குக் கண்ணுல தண்ணியே வந்துருச்சுக்கா. பன்னெண்டு வருஷமா நிக்கேன், ஒருத்தராவது என் முகத்துக்கு ஒரு பலம் இருக்குன்னு சொல்லியிருக்காங்களா?

சொன்னபடியே செஞ்சேன். சார் கார் நிறுத்துற இடத்துல மரத்தடியில உக்காந்திருப்பார், கையில போன். ஆட்டம் நடக்க நடக்க போன்லயே தெரியும்ல, எந்தக் காயை எங்க வச்சா நல்லதுன்னுகூட அதுல காட்டுமாம், அதைப் பாத்துக்கிட்டு இருப்பார். திடீர்னு கை காட்டுவார். நான் ஓடிப்போய்க் கண்ணாடிக்கிட்ட நிப்பேன். கோமதி நிமிர்ந்து பாப்பா. பாத்ததும் குனிஞ்சுருவா. இருபது நிமிஷம் அப்படியே குனிஞ்சு யோசிப்பா. அப்புறம் ஒரு காயை எடுத்து வைப்பா பாருங்க, எதிர்ல இருக்கவ முகம் செத்துப்போகும். ஒரு ஆட்டத்துக்கு ரெண்டு தடவை, மூணு தடவை. அவ்வளவுதான். ஆறு ஆட்டத்துல அஞ்சு ஜெயிச்சா. எனக்கு ஒரே ஆச்சரியம். இந்த முகத்தை முன்னாலயே காட்டியிருக்கலாமேன்னு இருந்துச்சு.

ஏழாவது ஆட்டத்துல மட்டும் ஒரு சங்கடம். சார் ரொம்ப நேரமா கை காட்டலை. எனக்கு இருப்புக் கொள்ளலை. நானே போய் நின்னேன். கோமதி பாத்தா. குனிஞ்சா. அரை மணி நேரம் யோசிச்சா. நெத்தியில வேர்வை ஓடுது. ஒரு காயை எடுத்து எங்கேயோ கொண்டு வச்சா, அந்த ஆட்டம் கெட்டுப்போச்சு. தோத்துட்டா. வெளிய வந்து சார் எங்கிட்டக் குதிச்சார். "நான் சொல்லாம ஏன் போனீங்க? யார் போகச் சொன்னா?" நான் பெத்த பிள்ளையை நான் பாக்க அவர் என்னக்கா சொல்றது? கோமதி என் புடவையைப் பிடிச்சு, "எம்மா, சார் சொன்னா மட்டும் வா"ன்னா. அப்படி ஒரு குரலை நான் என்னைக்கும் கேட்டதில்லை.

எட்டாவது ஜெயிச்சா. ஒன்பதாவதுதான் கடைசி. எதிர்ல யாருங்கீங்க? நம்ம பக்கத்துப் பிள்ளைதான். ஸ்ரீவில்லிபுத்தூர் பெனிட்டா. சின்னதுல இருந்து ரெண்டும் ஒண்ணா ஆடின பிள்ளைக. எத்தனை ஊர்ல ஒரே ரூம்ல படுத்திருக்கோம். அவங்க அம்மா ஜெபமணி என்னைய இழுத்து வச்சு, "ஒரு வாய் சாப்பிடுங்க, கடவுள் ஒண்ணும் கோவிச்சுக்க மாட்டார்"னு கெஞ்சுவா. அந்தப் பிள்ளைக்கும் ஜெயிச்சா நார்ம். ரெண்டுல ஒண்ணுக்குத்தான்.

அன்னைக்கு நாலு தடவை நின்னேன். நாலாவது தடவை நான் போய் நின்னப்ப கோமதி நிமிரவே இல்லை. குனிஞ்சே இருந்தா. நான் கண்ணாடியை விரலால லேசாத் தட்டினேன். நிமிர்ந்தா. அவ கண்ணு கலங்கி இருந்துச்சு. எனக்குப் பக்கத்துல பெனிட்டா அப்பா போனைப் பிடிச்சுக்கிட்டு நின்னார். மகளைப் படம் எடுக்கார்னு நினைச்சேன். சிரிச்சேன் கூட.

ஜெயிச்சுட்டா. மூணாவது நார்ம். நான் அங்கனயே தரையில விழுந்து கும்பிட்டேன். பெனிட்டா பாத்ரூம்ல போய்க் கதவைச் சாத்திக்கிட்டு அழுதாளாம். எம் மகளும் சிரிக்கலை. சரி, கூட்டாளி தோத்துட்டாளேன்னு வருத்தம்னு நினைச்சேன். ஓட்டலுக்குக் கூட்டிட்டுப் போய் எனக்குச் சோறு வாங்கிக் குடுத்தா. சொன்ன மாதிரியே வயிறு முட்டச் சாப்பிட்டேன். அவ சாப்பிடலை. எதிர்ல உக்காந்து நான் ஒவ்வொரு வாயா எடுத்து வைக்கிறதையே பாத்துக்கிட்டு இருந்தா. கல்லு மாதிரி.

பத்து நாள்ல செஸ் சங்கத்துல இருந்து லெட்டர் வந்துச்சு. ஏமாத்திட்டாங்கன்னு. யாரு? எம் மக! விசாரணைக்கு வரணும்னு. பெனிட்டா வீட்டுல புகார் குடுத்திருக்காங்க. எவ்வளவு சோறு பகிர்ந்து தின்னிருக்கோம்! ரெமிஜியஸ் சாருக்குப் போன் போட்டா எடுக்கலை. கொழும்புல கோச்சிங்னு போயிட்டாராம். பாவம், அவருக்கு என்ன அவசரமோ.

நேத்துதான் விசாரணை. மாடிப்படி ஏறும்போது கோமதி என் கையைப் பிடிச்சு நிறுத்தினா. "எம்மா, என்ன கேட்டாலும் ஞாபகம் இல்லைன்னு சொல்லு. அது மட்டும் சொல்லு. உன் காலைப் பிடிச்சுக் கேக்கேன்." எனக்கு ஆத்திரமா வந்துச்சு. "நாம என்னட்டி தப்பு செஞ்சோம், நான் ஏன் பொய் சொல்லணும்?"னு கேட்டேன். அவ சுவரைப் பாத்துக்கிட்டு நின்னா.

உள்ள மூணு பேரு. நடுவுல ஒரு அம்மா, நல்ல தமிழ் பேசினாங்க. கோமதியைக் கேட்டாங்க. "எங்க அம்மா சும்மா வந்து நின்னாங்க, அவங்களுக்கு ஆட்டமே தெரியாது"ன்னா. சரியாத்தானே சொன்னா? அப்புறம் என்னைக் கேட்டாங்க. ரொம்ப மரியாதைக்கா. டீயை எம் பக்கம் நகட்டி வச்சாங்க.

"எப்பம்மா போய் நிப்பீங்க?"

"சார் கை காட்டும்போது."

"சார் எங்க இருப்பார்?"

"மரத்தடியில. போன்ல ஆட்டத்தைப் பாத்துக்கிட்டு."

"நீங்களா என்னைக்காவது போய் நின்னிருக்கீங்களா?"

"ஒரே ஒரு தடவை"ன்னு அந்த ஏழாவது ஆட்டத்தைச் சொன்னேன். அதைச் சொன்னா நல்லதுன்னு நினைச்சேன். என் முகத்தைப் பாத்து அவ ஜெயிக்கலை, அவ மூளையால ஜெயிச்சான்னு அவங்களுக்குப் புரியும்ல? நான் நின்னும் தோத்திருக்காளே! அதுக்காகத்தான் சொன்னேன். சார் திட்டினதையும் சொன்னேன். கோமதி, "சார் சொன்னா மட்டும் வா"ன்னு சொன்னதையும் சொன்னேன். டக்கு டக்குன்னு சொன்னேன். ஒண்ணையும் மறைக்கலை.

அந்த அம்மா எழுதுறதை நிறுத்திட்டுப் பேனாவை மூடி வச்சாங்க. மத்த ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. கோமதி மேசையில நெத்தியை வச்சுப் படுத்துட்டா. "பிள்ளைக்குத் தலைவலி, கொஞ்சம் சீக்கிரம் விட்டுருங்கம்மா"ன்னேன்.

சாயந்திரமே பேப்பரைக் கையில குடுத்துட்டாங்க. மூணு வருஷம் ஆடக்கூடாது. நாக்பூர் நார்ம் செல்லாது. ரயில்வே வேலையைப் பத்தி இனிமே யாருகிட்டப் போய்க் கேக்க? கீழ வந்து ஆட்டோ பிடிச்சோம். அப்பதான் அந்த ஒரு வார்த்தை சொன்னா. என்னைப் பாத்து, "எல்லாம் சரியாச் சொன்னம்மா நீ"ன்னா. சரியாச் சொன்னேன்னு அவளே சொல்லுதா. அப்புறம் ஏன்க்கா எங்கூடப் பேச மாட்டேங்கா?

என்னது? சார் அவகிட்ட டீக்கடையில என்ன பேசினார்னா? எனக்கு என்ன தெரியும்? நீங்களும் அந்த மூணு பேரு மாதிரியே கேக்கீங்க. பிள்ளையைத் தேத்தியிருப்பார். வேற என்ன பேசுவார்? எம் மக அப்படிப்பட்டவ இல்லைக்கா. எறும்பை மிதிச்சாக்கூட அழுவா.

இல்ல, உங்க மேல கோவம் இல்ல. சும்மா சொல்லுங்கேன். நான் நேத்து ரயில்ல படுத்துக்கிட்டே யோசிச்சேன். கண்ணாடியில போய் நின்னதும் பாப்பா. ஒரு நொடி. உடனே குனிஞ்சுருவா. தாய் முகத்துல தெம்பைத் தேடுற பிள்ளை இன்னும் ரெண்டு நொடி பாக்காதா? அவ என் முகத்தைப் பாத்தாளா, இல்ல நான் வந்து நின்னதை மட்டும் பாத்தாளா? இதான். இதை யோசிக்கக்கூடாதுன்னு வேற எதையாவது நினைப்பேன். திரும்ப இதுலயே வந்து நிக்கும். நான் தட்டினேன்லக்கா அந்தக் கண்ணாடியை. அவ நிமிர மாட்டேன்னுதான் இருந்தா. நான்தான் தட்டினேன்.

வேண்டாம், விடுங்க. என்ன ஊர் இது, ஸ்ரீவில்லிபுத்தூரா? ஆமா, பஸ் ஸ்டாண்டு. இங்க பத்து நிமிஷம் போடுவான்.

ஏன் எந்திரிக்கா? பையையும் எடுக்காளே. ஏட்டி, கோமு, நம்ம ஊரு வரலைட்டி. எங்க போற? பின்பக்கமாவா இறங்கப் போற? என்ன? சத்தமாச் சொல்லு, கேக்கலை. இந்தா, கையை விடாத. ஏட்டி...

இறங்கிட்டா. இறங்கிட்டாக்கா. நீங்க பாத்தீங்கல்ல, எங்கிட்டக் குனிஞ்சு பேசினாளே. கேட்டுச்சா உங்களுக்கு? பெனிட்டா வீட்டுக்குப் போறாளாம். நம்ம மேல புகார் குடுத்த வீட்டுக்கு! அங்க உனக்கு என்னட்டி சோலின்னு கேட்டேன். "சொல்லணும்மா"ங்கா. என்னத்தைன்னேன். "நேத்து நீ தெரியாமச் சொன்ன. அதை நான் தெரிஞ்சே போய்ச் சொல்லணும்ல"ங்கா. நானும் வாரேன்னு எந்திரிச்சா தோளைப் பிடிச்சு அமுக்கி உக்கார வச்சுட்டா. "நீ வராத. சாயந்திரம் வீட்டுக்கு வந்துருவேன்"னா. என் முகத்தைப் பாத்துத்தான் சொன்னா. நல்லா, ரொம்ப நேரம் பாத்தா.

வண்டியை எடுத்துட்டான். அந்தா போறா, பழக்கடையைத் தாண்டி. திரும்பிப் பாக்கலை.

யக்கா, நீங்க படிச்சவங்க மாதிரி இருக்கீங்க. நான் என்னத்தைத் தெரியாமச் சொன்னேன்? அந்த மூணு பேருக்குப் புரிஞ்சது, உங்களுக்குப் புரிஞ்சது, எனக்கு...

இல்ல. வேண்டாம். சொல்லாதீங்க. வாயைத் திறக்காதீங்க. சங்கரன்கோயில் வர்றவரைக்கும் மட்டும் சொல்லாம வாங்க.